முன்பின் நாட்டில் யார் மூத்தவர்

வேலு, நீ சுகமாக இருக்கிறாய் என்பது உன் கையெழுத்திலேயே தெரிகிறது. உண்மையான கவலையில் இருக்கிறவன் இவ்வளவு வளைத்து வளைத்து எழுதமாட்டான். இங்கே நாங்களும் சுகம். அப்பா குட்ஸ் ஷெட்டுக்குப் போய்விட்டார், பொன்னி ஆஸ்பத்திரி வேலைக்குப் போய்விட்டாள். மஹய்யாவையில் விடிந்ததிலிருந்து மழை. இடியாப்பம் வாங்க வந்தவர்கள் எல்லோரும் வாங்கிக்கொண்டு போன பிறகு, தட்டுகளைக்கூடக் கழுவாமல் உனக்கு எழுத உட்கார்ந்திருக்கிறேன். ஒரு சங்கதியை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இந்தக் கடிதம் உனக்கு மட்டும் இல்லை. தெல்தோட்டையில் உன் பஸ் நிற்கிற இடத்தில் இருக்கிற டீக்கடையில், காமாட்சியின் அப்பா இருக்கும்போது, நாலு பேர் கேட்க, நீயே உரக்க வாசிக்க வேண்டும். காமாட்சியும் கேட்டால் இன்னும் நல்லது. நடுவில் எந்த வரியையும் விழுங்கக் கூடாது. நீ விழுங்குகிற ஆள், அதனால்தான் சொல்கிறேன்.

கேட்கிறவர்களுக்கு விஷயம் புரிய வேண்டும் இல்லையா. நீ காமாட்சியைக் கட்டிக்கொள்ள ஆசைப்படுகிறாய். அவளுக்கும் சம்மதம். டீக்கடைக்காரரான அவள் அப்பா உன்னிடம் கேட்டது ஒரே ஒரு கேள்வி: வீட்டில் மூத்தவள் கல்யாணம் ஆகாமல் இருக்கும்போது இளையவனுக்கு எப்படிப் பெண்ணைக் கொடுப்பது? நீ பிறந்தபோது எழுதின காகிதத்தை எடுத்துக்கொண்டு போய் அவர் முன்னால் விரித்திருக்கிறாய். பொன்னியும் நீயும் ஒரே நாளில் பிறந்த இரட்டைப் பிள்ளைகள், அதில் நீதான் முதலில் பிறந்தவன், காகிதத்தில் நேரம் இருக்கிறது பாருங்கள் என்று சொல்லியிருக்கிறாய். அவர் பாவம், பெற்றவளைக் கேட்காமல் முடிவு சொல்லமாட்டேன் என்றிருக்கிறார். வெள்ளிக்கிழமை இங்கே வருகிறாராம். எனக்கு நீ எழுதியிருப்பது இது: “அம்மா, நான் பொய் சொல்லல. சர்க்கார் பேப்பர்ல இருக்குறதத்தான் சொல்றேன். அவரு வந்து கேட்டா, வேலுதான் மூத்தவன்னு ஒரே ஒரு வார்த்த சொல்லும்மா.” ஒரே ஒரு வார்த்தைதான் கேட்டாய். நான் அதற்குப் பதிலாக இத்தனை பக்கம் எழுதப்போகிறேன், பொறுமையாக வாசி.

அந்தக் காகிதத்தின் கதை உனக்குத் தெரியும், அவர்களுக்குத் தெரியாது. ஹுன்னஸ்கிரியவில் நாம் இருந்த தேயிலைத் தோட்டத்தில், துரை கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளி வைத்திருந்தார். ஆட்கள் நேரத்தோடு மலைக்கு ஏறிவிட வேண்டும் என்பதற்காக அவர் கண்டுபிடித்த வழி அது. கொழுந்து அரைக்கிற ஸ்டோரில் மணி அடித்தால் எங்களுக்கு அதுதான் நேரம். சூரியனுக்கு மட்டும் யாரும் சொல்லவில்லை, அது தன் பாட்டுக்கு வந்துகொண்டிருந்தது. அந்த நேரத்தை நாங்கள் மேல்மணி என்போம். மலை அடிவாரத்து ரோட்டில், தபால் கந்தோரில், சர்க்கார் டிஸ்பென்சரியில் ஓடிக்கொண்டிருந்தது கீழ்மணி. மேலே மத்தியானச் சாப்பாட்டை முடித்துவிட்டுக் கீழே இறங்கினால், கீழே இன்னும் யாரும் சாப்பிட்டிருக்கமாட்டார்கள். யாராவது ஒரு நேரத்துக்கு வரச் சொன்னால், “மேமணிக்கா, கீமணிக்கா?” என்று கேட்டுவிட்டுத்தான் சரி என்போம். பழகினவர்களுக்கு அதில் ஒரு அதிசயமும் தெரியவில்லை.

அன்றைக்கு ஸ்டோரில் மத்தியான மணி அடித்துக்கொண்டிருக்கும்போது பொன்னி பிறந்தாள். லயத்தில் அடுத்த வீட்டுக் காம்பராவில் இருந்த மாரியாயிதான் பிள்ளையை எடுத்தாள். துணியில் சுற்றிப் பக்கத்தில் போட்டுவிட்டு, என் வயிற்றில் கை வைத்துப் பார்த்தவள் அப்படியே நின்றுவிட்டாள். “என்னாடி?” என்று கேட்டேன். “இன்னொன்னு இருக்கு புள்ள. ஆனா குறுக்கால கெடக்கு” என்றாள். அந்த இன்னொன்று நீ. அப்போதே உனக்கு நேர்வழி பிடிக்கவில்லை. ஒரு கம்பளியில் என்னைப் படுக்கவைத்து, மூங்கிலில் கட்டி, குறுக்குப் பாதையில் டிஸ்பென்சரிக்குத் தூக்கிக்கொண்டு போனார்கள். உன் அப்பாவுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. அந்த ஓடாத காலை வைத்துக்கொண்டுதான் முன்னால் ஓடினார். பொன்னியை மாரியாயியிடம் விட்டுவிட்டுப் போனோம். கீழே இருந்த சிங்கள மருத்துவச்சி உன்னைத் திருப்பி எடுத்தாள். நீ அழுதபோது, அங்கே சுவரில் இருந்த கடிகாரத்தில் இன்னும் பன்னிரண்டு ஆகவில்லை. மேலே தோட்டத்துக் கந்தோரில் பொன்னிக்குப் பன்னிரண்டு மணி என்று எழுதினார்கள். கீழே உனக்குப் பன்னிரண்டுக்குக் கால் மணி நேரம் குறைவாக எழுதினார்கள். இரண்டு பேரும் அவரவர் கடிகாரத்தைப் பார்த்து ஒழுங்காகத்தான் எழுதினார்கள். காகிதத்தை மட்டும் வைத்துப் பார்த்தால், அக்கா பிறக்கும் முன்னே தம்பி பிறந்துவிட்டான்.

நாம் மஹய்யாவைக்குக் குடிவந்து, நீங்கள் இரண்டு பேரும் எழுத்துக்கூட்டி வாசிக்கப் பழகினதும் அந்தக் காகிதங்கள் உங்கள் கையில் அகப்பட்டன. அதோடு போயிற்று வீட்டு நிம்மதி. கடைசி அப்பம் மூத்தவருக்கு, ஜன்னல் பக்கத்து இடம் மூத்தவருக்கு, அப்பாவின் தோளில் முதலில் ஏறுவது மூத்தவர். யார் மூத்தவர்? “நாந்தான், அம்மாவே சொல்லியிருக்கு” என்பாள் அவள். “நாந்தான், பேப்பர்ல இருக்கு” என்பாய் நீ. அடிதடி, கடி, கிள்ளு எல்லாம் நடந்தது. ஒரு மழை நாளில் திடீரென்று வீடு அமைதியாகிவிட்டது. ஒன்று மற்றதைக் கொன்றுவிட்டதோ என்று பயந்து எட்டிப் பார்த்தேன். தரை முழுக்கக் கரித்துண்டால் மலைகள். ஒவ்வொரு மலை உச்சியிலும் ஒரு மணி. இது என்ன கூத்து என்று கேட்டேன். “இது முன்பின் நாடும்மா. இங்க ஒவ்வொரு மலைக்கும் ஒவ்வொரு நேரம். எறங்கினா நேத்துக்குப் போகலாம், ஏறினா நாளைக்குப் போகலாம்” என்றாள் பொன்னி. தரையைக் கழுவச் சொல்லத்தான் வாயைத் திறந்தேன். ஆனால் “நேத்துக்கு எறங்கிப் போறவன் சின்னப் புள்ளையாயிருவானா?” என்று என் வாய் கேட்டுவிட்டது. நீங்கள் இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்தீர்கள். “ஆக மாட்டான். எடந்தான் நேத்தாகும். ஆளு ஆகமாட்டான்” என்று அவள் சட்டம் போட்டாள். அன்றிலிருந்து எனக்கும் அந்த நாட்டில் வாசம்.

காமாட்சியின் அப்பா இந்த இடத்தில் கொட்டாவி விட்டால், அவருக்கு ஒரு பிளேன் டீ ஊற்றிக் கொடுத்துவிட்டு மேலே வாசி. அந்த நாட்டில் ராஜா கிடையாது. காலமுடிச்சுப் பண்டிதர்கள்தான் அங்கே பெரிய மனிதர்கள். ஒன்றுக்கொன்று ஒத்துவராத நேரக் கணக்கு ஒன்று எங்கேயாவது அகப்பட்டால், அதைப் பண்டிதர்களிடம் கொண்டுபோக வேண்டும். அவர்கள் அதற்கென்று கயிற்றில் ஒரு முடிச்சைப் போட்டுச் சுவரில் தொங்கவிடுவார்கள். விடை கிடைத்தால் முடிச்சை அவிழ்த்துக் கயிற்றை ஆடு கட்ட ஆட்டுக்காரனிடம் கொடுத்துவிடுவார்கள். விடை கிடைக்காத முடிச்சுகளை வாசலில் கட்டிவிடுவார்கள், போகிற வருகிறவர்கள் யோசிப்பதற்காக. நம் வீட்டு வாசல் நிலையில் உங்கள் முடிச்சுகள் எவ்வளவு காலம் தொங்கின. வருகிறவர்கள் திருஷ்டிக்குக் கட்டியிருக்கிறதாக நினைத்துக்கொண்டார்கள்.

எனக்கு இன்றைக்கும் சில முடிச்சுகள் ஞாபகம் இருக்கின்றன. மேல்மலையில் ஒருவன் மாம்பழத்தைத் தின்றுவிட்டு, இன்னும் தின்னாத நேரத்துக்கு இறங்குகிறான். பையில் மாம்பழம் இருக்கிறது. மறுபடியும் தின்கிறான். அவன் தின்றது எத்தனை பழம்? நீ இரண்டு என்றாய். “பழம் ஒண்ணு, பசி ரெண்டு” என்றாள் பொன்னி. எனக்கு அது விடையா இல்லையா என்று இன்றைக்கும் தெரியவில்லை. இன்னொருவன் ஒரு பலாப்பழத்தைத் தின்று, அதன் கொட்டையை எடுத்துக்கொண்டு, அந்த மரமே இல்லாத காலத்துக்கு இறங்கி நட்டுவிட்டு வருகிறான். அதுதான் வளர்ந்து அந்த மரமாகிறது. அப்படியென்றால் முதல் கொட்டை எங்கிருந்து வந்தது? நான் சம்பல் அரைத்துக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தேன். எனக்கும் ஒன்று தோன்றியது. “ஒரு பொம்பள எறங்கிப்போய், சமைக்கத் தெரியாத காலத்துல இருக்குற தனக்கே சம்பல் அரைக்கக் கத்துக்குடுக்குறா. அப்ப அந்தச் சம்பலை மொதமொதல்ல கண்டுபிடிச்சது யாரு?” என்றேன். நீயே போய்க் கயிறு எடுத்துவந்து என் முடிச்சைக் கட்டினாய். என் வாழ்நாளில் யாரும் எனக்கு அப்படி ஒரு மரியாதை செய்ததில்லை. அப்பா மட்டும், “புள்ளைங்களுக்குத்தான் கிறுக்குன்னு நெனச்சேன்” என்று தலையில் அடித்துக்கொண்டார். அடுத்த நாள் சோற்றைப் பிசைந்துகொண்டே மெதுவாகக் கேட்டார்: “அது சரி, எறங்கிப் போன ஆளு அங்க தன்னையே பாத்தா, ரெண்டு பேர்ல யாரு வேலைக்குப் போறது?” அதற்கும் ஒரு முடிச்சு கட்டினோம்.

எல்லாவற்றிலும் பெரியது போகாதே முடிச்சு. ஒருவன் கீழே இறங்கிப் போய், இறங்குவதற்குப் புறப்பட்டுக்கொண்டிருக்கிற தன்னையே பார்த்து, “போகாதே” என்று சொல்கிறான். அவன் சொல் கேட்டுப் போகாமல் இருந்துவிட்டால், இறங்கிவந்து சொன்னது யார்? சொல்ல ஆளே இல்லையென்றால், அவன் ஏன் போகாமல் இருக்கிறான்? நீங்கள் இரண்டு பேரும் அதை வைத்து எத்தனை நாள் மல்லுக்கட்டினீர்கள். நான் மாவு பிசையும்போது அதையே யோசித்து இரண்டு தரம் உப்புப் போட்டு, அன்றைக்கு இடியாப்பம் வாங்கினவர்கள் எல்லோரிடமும் பேச்சு வாங்கினேன். அவிழ்க்க முடியவில்லை. ஆனால் ஒன்று கவனித்தேன். முன்பின் நாட்டுக்குப் போக ஆரம்பித்த பிறகு, யார் மூத்தவர் என்கிற சண்டை உங்களுக்குள் வரவில்லை. அந்த நாட்டில் நின்று பார்த்தபோது உனக்கே விஷயம் விளங்கியிருக்க வேண்டும். ஒருநாள் முற்றத்தில் விளையாடிக்கொண்டிருந்தபோது, யாரும் சொல்லாமலே அவளை “அக்கா” என்று கூப்பிட்டாய். அவள் திரும்பிப் பார்க்காதது போல நடித்தாள். முகம் முழுக்கச் சிரிப்பு. அந்தச் சிரிப்பை நீ பார்க்கவில்லை, நான் பார்த்தேன்.

இப்போது உன் கடிதத்துக்கு வருகிறேன். வாசித்ததும் எனக்குக் கோபம் வரவில்லை, ஆச்சரியம்தான் வந்தது. வளர்ந்து, பஸ் ஓட்டி, பெண் பார்க்கிற வயதிலும் என் மகன் எனக்கு ஒரு முடிச்சு அனுப்பியிருக்கிறானே என்று உட்கார்ந்து யோசித்தேன். நீயும் யோசி. அந்தக் காகிதத்தில் கீழ்மணி ஏன் இருக்கிறது? நீ கீழே பிறந்ததால். கீழே ஏன் பிறந்தாய்? உனக்கு முன்னே ஒரு பிள்ளை மேலே பிறந்துவிட்டது, அதற்குப் பிறகு நீ வராமல் அடம்பிடித்தாய், அதனால் என்னைக் கீழே தூக்கிக்கொண்டு போனார்கள். நீ முதலில் பிறந்திருந்தால், மேலே காம்பராவில், மாரியாயி கையில் பிறந்திருப்பாய். உன் காகிதத்தில் மேல்மணி இருந்திருக்கும். நீ மூத்தவன் என்று சொல்கிற அந்தக் காகிதம், நீ இளையவனாக இருந்ததால் மட்டும்தான் உன் கைக்கு வந்தது. நீ மூத்தவன் என்று வைத்துக்கொண்டால் அந்தக் காகிதமே கிடையாது. காகிதம் இல்லாவிட்டால் உன்னை மூத்தவன் என்று சொல்ல ஒன்றுமே கிடையாது. எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை, வேலு. இடியாப்பம் வாங்க வந்த ஒரு அம்மாவிடம் இதை முழுக்கச் சொல்லிக் காட்டினேன். அந்த அம்மா பார்சலை வாங்கிக்கொண்டு வேகவேகமாகப் போய்விட்டது.

அந்தச் சந்தோஷத்தோடேயே நேற்றுப் பொன்னி வேலையிலிருந்து வந்ததும் அவளிடமும் சொன்னேன். உன் கடிதத்தையும் கொடுத்தேன். அவளும் முதலில் முடிச்சைத்தான் ரசித்தாள், உன் அக்கா அல்லவா. பிறகு, “சொல்லிட்டுப் போம்மா. அவன் கல்யாணம் நடக்கணும். எனக்கு என்னா, மூத்தவள்னு பட்டமா கட்டியிருக்கு?” என்றாள். சொல்லிவிட்டுத் தன் வெள்ளைச் சீருடையை மடித்தாள். மடித்து வைத்ததையே மறுபடி பிரித்து மடித்தாள். நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். “ஒண்ணுதாம்மா கேக்கணும்” என்றாள். “கேளு.” “கல்யாணத்துக்கு அப்புறம் அவன் என்ன எப்பிடிக் கூப்புடுவான்? பொண்டாட்டிக்கு முன்னால, மாமனாருக்கு முன்னால, அக்கான்னு கூப்புட முடியாதுல்ல?” அவள் பதிலுக்குக் காத்திருக்கவில்லை, குளிக்கப் போய்விட்டாள். அப்போதுதான் எனக்குக் கோபம் வந்தது. உன்மேல்தான். காய்ச்சல் பரவின வருஷம் வீட்டுக்கே வராமல் ஆஸ்பத்திரி வேலையிலேயே கிடந்தவள், நீ காய்ச்சலில் விழுந்தாய் என்று கேள்விப்பட்டதும் மழையில் நனைந்துகொண்டு வந்து நின்றாளே, அது யார்? நீ பஸ் ஓட்டின முதல் வாரத்தில் வண்டியை ரோட்டோரத் தண்ணீர்க் கானுக்குள் இறக்கிவிட்டு வீட்டுக்கு வரப் பயந்தபோது, உனக்கு முன்னால் வந்து அப்பாவிடம் பேசினாளே, அது யார்? தங்கச்சியா? நீ அவளை ஒரு வார்த்தையால் தங்கச்சியாக்கிவிடுவாய், அவளும் சரி என்று விட்டுக்கொடுத்துவிடுவாள். அப்படி விட்டுக்கொடுப்பதே மூத்தவள் குணம்தான், அதுகூட உனக்குத் தெரியவில்லை.

இனி நிமிர்ந்து காமாட்சியின் அப்பா முகத்தைப் பார்த்து வாசி. அண்ணே, நீங்கள் கேட்டது நியாயமான கேள்வி, உங்கள் இடத்தில் இருந்தால் நானும் கேட்பேன். பொன்னிதான் மூத்தவள். அவளுக்குக் குறை ஒன்றும் இல்லை. கல்யாணம் பண்ணினால் நர்ஸ் வேலையை விட வேண்டும் என்கிறார்கள், அவளுக்கு விட மனம் இல்லை. என்றைக்காவது மனம் வந்தால் அன்றைக்குப் பார்த்துக்கொள்வோம். அதுவரைக்கும் இளையவனுக்கு முதலில் கல்யாணம் நடப்பது எங்கள் வீட்டில் வெட்கமான காரியம் இல்லை. மூத்தவளும் நாங்களும் முழு மனதோடு பெண் கேட்கிறோம். உங்களுக்கு அது சரிவராது என்றால் வெள்ளிக்கிழமை வர வேண்டாம், மனத்தாங்கல் ஒன்றும் இல்லை. என் மகன் கொஞ்ச நாள் சாப்பிடாமல் இருப்பான். ஆனால் அக்காவை இல்லாமலாக்கிப் பெண் எடுத்தான் என்கிற பேச்சு அவனுக்கு வராது.

வேலு, இனி உனக்கு மட்டும் சொல்ல இருந்தது. பரவாயில்லை, எல்லோரும் கேட்கட்டும். அந்தக் குறுக்குப் பாதையில் என்னைத் தூக்கிக்கொண்டு போகும்போது நான் உன்னைப் பற்றி நினைக்கவில்லை. கோபித்துக்கொள்ளாதே. மேலே விட்டுவிட்டு வந்த பிள்ளை பாலுக்கு அழுமே, மாரியாயி சீனித் தண்ணியாவது தொட்டு வைப்பாளா, நான் திரும்பிப் போவேனா மாட்டேனா, இதைத்தான் நினைத்தேன். செத்துவிடக் கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்தேன், அவளுக்காக. அந்தப் பிடிவாதத்தில்தான் நீயும் உயிரோடு வந்தாய். நீ பிறந்தபோது நான் ஏற்கெனவே ஒரு பிள்ளைக்கு அம்மா. நான் அம்மா ஆனது பொன்னி பிறந்தபோது. எந்த மணி எந்தக் கடிகாரத்தில் அடித்திருந்தாலும் இந்த வரிசை மாறாது. உங்கள் இரண்டு பேரையும் பெற்ற உடம்பு நான்.

இப்போது காகிதத்தை மடித்து வை. கடையில் இருக்கிற எல்லோர் முன்னாலும், எனக்கு ஒரு அக்கா இருக்கிறாள் என்று வாயால் சொல். சொன்ன பிறகு பெண்ணைக் கேள்.

அம்மா